பட்டுத் தொப்பிக் கலைஞர்

பேசாப் படம் என்றதும் நாம் நினைப்பது சார்லி சாப்ளினை. அவரே தம் ஆசானெனப் போற்றியவர் பிரெஞ்சு நடிகர் மாக்ஸ் லிண்டர். 1883-இல் போர்தோ நகரருகே, திராட்சைத் தோட்டக் குடும்பத்தில் பிறந்த இவர், 1905-இல் பாத்தே நிறுவனத்தில் நடிக்கத் தொடங்கினார். பட்டுத் தொப்பியும் கைத்தடியுமாய், சங்கடத்தில் சிக்கித் தவிக்கும் கனவானாகத் தோன்றி உலகைச் சிரிக்க வைத்தார். முதல் உலகப் போர் அவரது உடலையும் உள்ளத்தையும் நலிவித்தது. அமெரிக்கா சென்று படமெடுத்தும் பழைய புகழ் மீளவில்லை. 1925-இல் பாரிசில் மனைவியுடன் துயர முடிவெய்தினார்.

அப்போது ஒன்றரை வயதும் நிரம்பாத மகள் மோட், வளர்ந்தபின் தந்தையின் படங்களைத் தேடித் திரட்டி, 1963-இலும் 1983-இலும் தொகுப்புப் படங்களாக வெளியிட்டார். திரையில் மட்டுமே தந்தையைக் கண்டறிந்த அம்மகளின் உழைப்பால் அன்றோ, அக்கலைஞர் இன்றும் நம் முன் நடமாடுகிறார்! முன்னோர் தேட்டத்தைப் பேணுவது பிள்ளைகளின் கடன் என்பதை நாம் மறவாதிருப்போமாக.