போசா நோவா தனிக் கித்தார் இசை

போசா நோவா தனிக் கித்தார் இசை என்பது பாடகரோ பிற இசைக்கருவிகளோ இன்றி, ஒரே கித்தாரில் வாசிக்கப்படும் பிரேசில் நாட்டு இசையாகும். போசா நோவா, சம்பா இசையின் அடிப்படையில் 1950களின் இறுதியில் ரியோ டி ஜனேரோ நகரில் உருவானது. போர்த்துக்கேய மொழியில் இப்பெயர் 'புதிய போக்கு' எனப் பொருள்படும்.

வாசிப்பு முறை

நைலான் நரம்புகள் கொண்ட கித்தார் விரல்களால் மீட்டப்படுகின்றது. ஜோவாவ் ஜில்பேர்ட்டோ வகுத்த முறையில், பெருவிரல் தாழ்ந்த சுரங்களைச் சீராக ஒலிக்கின்றது. சம்பாக் குழுவில் சுர்தோ என்னும் பெரிய முரசு செய்யும் பணி இது. ஏனைய விரல்கள் சுரக்கூட்டுகளைத் தாள அடியிலிருந்து சற்று விலக்கி ஒலிக்கின்றன.

ஜில்பேர்ட்டோவின் கித்தார் அவரது பாட்டுக்குத் துணையாக இருந்தது. தனி வாசிப்பிலோ பாட்டின் மெட்டையும் அதே கைகளே ஏற்கவேண்டும். ஆகவே கலைஞர் சுரக்கூட்டுகளில் சில சுரங்களை விட்டுவிடுகின்றார். தாளம் மட்டும் அறுபடுவதில்லை. தாளம், சுரக்கூட்டு, மெட்டு ஆகிய மூன்றும் உரத்த ஒலியின்றி ஒரே கருவியில் கேட்பதே இவ்விசையின் ஈர்ப்புக்கு முதன்மையான காரணம் எனலாம்.

கலைஞர்கள்

லூயிசு பொன்ஃபா (1922–2001), 1959இல் வெளிவந்த 'கறுப்பு ஓர்ஃபியசு' திரைப்படத்துக்காக அமைத்த 'மன்யா டி கார்னவல்' என்னும் பாடலின் மெட்டு, இன்றும் கித்தார் கலைஞர்களால் சொற்களின்றி வாசிக்கப்படுகின்றது. பாடன் பவெல் (1937–2000) ஆப்பிரிக்க வழிவந்த பிரேசில் தாளங்களைத் தம் வாசிப்பில் இணைத்தார்.