காணாமற்போனோரும் காணாமலாக்கப்பட்டோரும்: போருக்குப் பிந்தைய இலங்கையின் நல்லிணக்க ஆவணங்களில் வினைமுதல்

திருவனந்தபுரத்தின் ஆரியசாலை, சாலைக் கடைத்தெருவை ஒட்டித் தமிழ் வணிகர்கள் தலைமுறைகளாக வாழ்ந்துவரும் பகுதியாகும். ஆரியசாலை, வலியசாலை என்னும் இடப்பெயர்களில் உள்ள 'சாலை' பழைய காந்தளூர்ச் சாலையின் எச்சமே எனக் கருதும் ஆய்வாளர் உளர். ஆய் மன்னன் கருநந்தடக்கனின் ஒன்பதாம் நூற்றாண்டுச் செப்பேடு, பார்த்திவசேகரபுரத்துச் சாலைக்குக் காந்தளூரை முன்மாதிரியாகச் சுட்டுவதால், அது பெயர்பெற்ற கல்வி நிலையமாக விளங்கியமை புலனாகிறது. இச்சாலையில் 'கலமறுத்த' செயலை முதலாம் இராசராசனின் (985-1014) மெய்க்கீர்த்தி அவனது வெற்றியாகப் பதிவு செய்கிறது. அறுக்கப்பட்ட கலம் மரக்கலமா, உண்கலமா, வழக்கு வில்லங்கமா என்பதில் அறிஞரிடையே இன்றளவும் ஒருமித்த கருத்தில்லை. செய்தவன் யார் என்பதில் அங்கு ஐயமில்லை. என்ன செய்யப்பட்டது, யாருக்குச் செய்யப்பட்டது என்பனவே மயங்கிக் கிடக்கின்றன.

போரில் வென்ற அரசு தன் வெற்றியை எழுதும் முறை இது. வென்ற அரசே பின்னர் நல்லிணக்கத்தையும் எழுத நேரும்போது இந்நிலை தலைகீழாகிறது. 2009 மே மாதத்தில் முள்ளிவாய்க்காலில் போர் முடிந்தபின் இலங்கையில் உருவான ஆணைக்குழு அறிக்கைகளிலும் சட்டங்களிலும் பாதிக்கப்பட்டோர் எண்ணப்படுகின்றனர். இடமும் காலமும் குறிக்கப்படுகின்றன. செய்தவர் மட்டும் இடம்பெறுவதில்லை. தொல்காப்பியர் தொழிலின் முதனிலைகளாக எட்டினைக் கூறுவார். செய்பவன், செயப்படுபொருள், நிலம், காலம் ஆகியன அவற்றுள் அடங்கும். அவற்றுள் செய்பவனை, அதாவது வினைமுதலை, மட்டும் நீக்கிவிட்டு ஒரு நாட்டின் நல்லிணக்கத்தைக் கட்ட இயலுமா என்பது இக்கட்டுரை எழுப்பும் வினா.

ஆணைக்குழுக்களின் வரிசை

இலங்கைக்கு ஆணைக்குழுக்கள் புதியவை அல்ல. 1994ஆம் ஆண்டில் ஆட்சிக்கு வந்த சந்திரிகா குமாரதுங்க, ஆட்கள் காணாமற்போனமை குறித்து விசாரிக்க மூன்று வலய ஆணைக்குழுக்களை அமைத்தார். அவற்றின்முன் வந்தவர்களுள் பெரும்பகுதியினர் தென்பகுதிச் சிங்களக் குடும்பத்தினர். 1987-90 காலத்து மக்கள் விடுதலை முன்னணிக் கிளர்ச்சி ஒடுக்கப்பட்டபோது பிள்ளைகளை இழந்தவர்கள் அவர்கள். தமிழ்த் தாய்மாரின் துயரைச் சிங்களத் தாய்மார் அறியாதவர் என எழுதுவோர் இச்செய்தியை மறந்துவிடுகின்றனர்.

போர் முடிந்த மறு ஆண்டில், 2010 மே மாதத்தில், முன்னாள் சட்டமா அதிபர் சி. ஆர். டி சில்வா தலைமையில் 'கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு' அமைக்கப்பட்டது. 2002 பிப்ரவரி 21 முதல் 2009 மே 19 வரையிலான காலமே அதன் விசாரணை எல்லை. போர்நிறுத்த உடன்பாட்டுக்கு முந்தைய நாள் தொடக்கமாகக் கொள்ளப்பட்டது. 1956ஆம் ஆண்டின் தனிச்சிங்களச் சட்டமோ 1983 ஜூலை வன்முறையோ இவ்வெல்லைக்குள் வாரா. தொடங்கும் நாளைத் தெரிவு செய்வதே ஒரு தீர்ப்பு என்பது வரலாற்று மாணவர் நன்கறிந்தது.

எனினும், 2011 டிசம்பரில் நாடாளுமன்றத்தில் முன்வைக்கப்பட்ட அவ்வறிக்கையை முற்றாக ஒதுக்குவது நேர்மையன்று. தேசிய கீதத்தை இருமொழியிலும் ஒரே மெட்டில் பாடும் வழக்கம் தொடர வேண்டும் என்று அது பரிந்துரைத்தது. படையினரிடம் சரணடைந்தபின் காணாமற்போனோர் குறித்து உறவினர் கூறிய சாட்சியங்களை விசாரிப்பது அரசின் கடமை என்றும் வலியுறுத்தியது. வடக்கிலும் கிழக்கிலும் அமர்வுகள் நடந்தபோது மக்கள் தமிழில் பேசினர். அறிக்கையோ முதலில் ஆங்கிலத்தில் வெளிவந்தது. மொழிபெயர்ப்பின் வழியே சாட்சியம் அறிக்கையாகும்போது 'நாங்கள் கையளித்தோம்' என்னும் தன்மை வினைமுற்று படர்க்கைச் செயப்பாட்டு வினையாக மாறிவிடுகிறது. 'கையளித்தோம்' என்பதில் கொடுத்தவர், கொடுக்கப்பட்டவர், பெற்றுக்கொண்டவர் ஆகிய மூவரும் உளர். முன்னாள் மாகாண அமைச்சர் அனந்தி சசிதரன், தம் கணவர் 2009 மே மாதத்தில் வட்டுவாகல் பகுதியில் படையினரிடம் சரணடைந்ததாகப் பொதுவெளியிலும் நீதிமன்றத்திலும் தொடர்ந்து கூறிவருபவர். அவர் கூற்றில் மூன்றாமவர் எவர் என்பது மறைவாக இல்லை.

2013இல் மக்ஸ்வெல் பரணகம தலைமையில் அமைந்த ஆணைக்குழுவுக்கு 20,000க்கும் மேற்பட்ட முறைப்பாடுகள் வந்தன. காணாமற்போன படையினரின் குடும்பங்கள் தந்தவையும் அவற்றுள் அடங்கும்.

போனோரும் ஆக்கப்பட்டோரும்

2015இல் ஆட்சி மாறியபின் ஐ.நா. மனித உரிமைகள் பேரவையின் 30/1ஆம் தீர்மானத்துக்கு இலங்கை அரசு தானே இணை அனுசரணை வழங்கியது. உண்மை கண்டறியும் ஆணைக்குழு, நீதிப் பொறிமுறை, காணாமற்போனோருக்கான அலுவலகம், இழப்பீட்டு அலுவலகம் ஆகிய நான்கும் அதன்வழி வாக்களிக்கப்பட்டன. மக்கள் கருத்தறிய மனோரி முத்தெட்டுவேகம தலைமையில் அமைந்த செயலணி 7,306 கருத்துரைகளைப் பெற்று 2017 ஜனவரியில் அறிக்கை தந்தது. நான்கனுள் இரண்டு அலுவலகங்கள் மட்டுமே சட்டமாயின.

அவற்றுள் முதலாவது, 2016ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சட்டம். தமிழில் அது 'காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகம்' எனப் பெயர்பெற்றது. 'காணாமற்போ' என்பது தன்வினை. ஆடு காணாமற்போகும்; மோதிரம் காணாமற்போகும்; வழிதவறிய பிள்ளையும் காணாமற்போகும். இத்தொடரில் போனவரே எழுவாய். பிறிதொருவர் தேவையில்லை. சிங்களப் பெயரிலும் 'அதுருதஹன் வூ' எனத் தன்வினையே அமைந்துள்ளமை நோக்கத்தக்கது.

உறவினர் அமைப்புகளோ 'வலிந்து காணாமலாக்கப்பட்டோர்' என்னும் தொடரையே கையாள்கின்றன. 'ஆகு' என்னும் தன்வினை 'ஆக்கு' எனப் பிறவினையாகிப் 'படு' துணைவினை ஏற்று, வினையாலணையும் பெயராக முடிந்துள்ளது. இத்தொடரும் செய்தவரைப் பெயர்சுட்டிக் கூறவில்லை. எனினும் ஒருவர் செய்தார் என்பதை இலக்கணமே உணர்த்திவிடுகிறது. முன்னதில் வினைமுதலுக்கு இடமே இல்லை. பின்னதில் இடம் உண்டு, ஆள் மட்டுமே நிரப்பப்படவில்லை. எழுத்தறிவு குறைந்த தாய்மார்கூட இவ்வேறுபாட்டைப் பிழையின்றிக் கையாள்வதும், 'காணாமற்போனோர்' என்று எவரேனும் கூறின் உடன் திருத்துவதும் மொழியியலார் பதிவுசெய்ய வேண்டிய செய்தி. தமிழ்நாட்டு நாளிதழ்கள் இவ்விரண்டையும் ஒருபொருட் பன்மொழியாகக் கருதி மாற்றி மாற்றி எழுதுவது வருந்தத்தக்கது.

இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று. அச்சட்டத்தின் 13(2)ஆம் பிரிவு, அலுவலகத்தின் முடிவுகள் எவருக்கும் குற்றவியல் பொறுப்பையோ குடியியல் பொறுப்பையோ தோற்றுவிக்கமாட்டா என்கிறது. பெயரில் இல்லாத வினைமுதல் சட்டப் பிரிவிலும் இல்லை. தகவல் தருவோர் அச்சமின்றி முன்வரவே இவ்வாறு அமைக்கப்பட்டது என்னும் வாதம் உண்டு. உடலையாவது கண்டறிய வேண்டும் என்னும் மனிதநேய நோக்கில் அவ்வாதத்துக்கு வலுவும் உண்டு. ஆனால் தண்டனைக்கென வாக்களிக்கப்பட்ட தனி நீதிப் பொறிமுறை உருவாகாத நிலையில், ஒருகாலில் நிற்கும் மேசை போலாயிற்று இவ்வலுவலகம்.

2017 பிப்ரவரி 20ஆம் நாள் கிளிநொச்சியில் உறவினர் தொடங்கிய தொடர்போராட்டம் விரைவில் வவுனியா, முல்லைத்தீவு முதலிய இடங்களுக்கும் பரவியது. ஆணையாளர்கள் 2018இல் நியமிக்கப்பட்டபோதும் அவ்வலுவலகத்தைப் பல குடும்பங்கள் ஏற்கவில்லை. மரணச் சான்றிதழுக்கு மாற்றாக, ஆள் காணப்படவில்லை என்பதை மட்டும் உறுதிப்படுத்தும் சான்றிதழ் வழங்க 2016இல் சட்டம் திருத்தப்பட்டிருந்தது. காணி, வங்கிக் கணக்கு, பிள்ளைகளின் பள்ளிச் சேர்க்கை ஆகியவற்றுக்கு அச்சான்றிதழ் பயன்படும். 2020 ஜனவரியில் குடியரசுத் தலைவர் கோட்டாபய ராஜபக்ச, காணாமற்போனோர் உண்மையில் இறந்துவிட்டனர் என்று ஐ.நா. பிரதிநிதியிடம் கூறினார். காணாமற்போனோர் இறந்தோராக மாறினர். அப்போதும் எழுவாய் அவர்களே. அடுத்த மாதமே 30/1 தீர்மானத்துக்கான இணை அனுசரணையிலிருந்து இலங்கை விலகியது.

'நல்லிணக்கம்' என்னும் கலைச்சொல்லும் சிந்தனைக்குரியது. இணங்குதல் என்பதற்கு ஒத்துப்போதல், உடன்படுதல் என்பன பொருள். வழக்கில் 'இணங்கிப் போ' என்றால் விட்டுக்கொடு என்பதே குறிப்பு. பாதிக்கப்பட்டோர் செவியில் இச்சொல் அறிவுரையாக அன்றிக் கட்டளையாக ஒலித்திருந்தால் வியப்பில்லை.

பெயரிட்ட அரசு: ருவாண்டா

இதற்கு நேர்மாறான சான்று ருவாண்டா. 1994 ஏப்ரல் முதல் ஜூலை வரை ஏறத்தாழ நூறு நாட்களில் அங்குக் கொல்லப்பட்டோர் தொகையை எட்டு இலட்சத்துக்கும் மேல் என ஐ.நா.வும், பத்து இலட்சத்துக்கும் மேல் என ருவாண்டா அரசும் கூறும். பாதிக்கப்பட்ட டுட்சி மக்களைச் சார்ந்த ருவாண்டா தேசபக்த முன்னணியே போரில் வென்று ஆட்சியமைத்தது என்பது இலங்கையினின்றும் பெரிதும் வேறுபட்ட சூழல். ஊர்தோறும் புல்வெளியில் கூடிய 'கசாசா' மன்றங்கள் 2012இல் முடிவுறும்வரை ஏறக்குறைய இருபது இலட்சம் வழக்குகளை விசாரித்தன. அண்டை வீட்டார் அண்டை வீட்டாரைப் பெயர்சொல்லிக் குற்றம் சாட்டினர். 2008இல் அரசியலமைப்பைத் திருத்தி, நிகழ்ந்தது 'டுட்சி மக்களுக்கு எதிரான இனப்படுகொலை' எனச் செயப்படுபொருளையும் வரையறுத்தனர்.

ஆயினும் அப்பெயரீட்டின் விலை சிறிதன்று. வென்ற படையினர் ஹுட்டு மக்கள்மீது இழைத்த கொலைகள் கசாசா மன்றங்களின் வரம்புக்குள் வரவில்லை. 'இனப்படுகொலைக் கருத்தியல்' தடைச் சட்டம் எதிர்க்கட்சியினர்மீதும் பாய்ந்தது. ஒரு வினைமுதலை உரக்கக் கூறிய அரசு மற்றொரு வினைமுதலைக் கூறத் தடைவிதித்தது. எனவே ருவாண்டாவை இலங்கைக்கு அப்படியே எடுத்துக்காட்டாக்குவோர் அதன் சட்டநூலையும் படிப்பது நலம்.

இலங்கையில் பெயரிடும் முயற்சி அரசிடமிருந்து வரவில்லை. 2015 பிப்ரவரி 10ஆம் நாள் வடக்கு மாகாண சபை, முதலமைச்சர் சி. வி. விக்னேஸ்வரன் முன்மொழிந்த இனப்படுகொலைத் தீர்மானத்தை நிறைவேற்றியது. அவ்வாண்டு செப்டம்பரில் வெளிவந்த ஐ.நா. விசாரணை அறிக்கை, அரசுப் படைகள், விடுதலைப் புலிகள் ஆகிய இரு தரப்பும் போர்க்குற்றங்கள் புரிந்திருக்கக்கூடும் என்றது. இனப்படுகொலை என்னும் சொல்லை அது ஆளவில்லை. 2022 மே மாதத்தில் கனடா நாடாளுமன்றம் மே 18ஐத் தமிழினப் படுகொலை நினைவுநாளாக ஏற்றது. கொழும்பு அரசுகள் அச்சொல்லைத் தொடர்ந்து மறுத்தே வந்துள்ளன. இறுதிப்போரில் இறந்த பொதுமக்கள் 40,000 வரை இருக்கலாம் என 2011ஆம் ஆண்டின் ஐ.நா. வல்லுநர் குழுவும், 70,000க்கும் மேற்பட்டோர் கணக்கில் வரவில்லை என 2012ஆம் ஆண்டின் ஐ.நா. உள்ளக மீளாய்வும் கூறின. எண்ணிக்கையிலேயே இத்துணை இடைவெளி இருக்கும் நாட்டில் சொல்லைப் பற்றிய வழக்கு எளிதில் முடியாது.

செம்மணி

யாழ்ப்பாணத்தை அடுத்த செம்மணியில் உடல்கள் புதைக்கப்பட்டுள்ளதை, கொலைக்குற்றத் தண்டனை பெற்ற படைவீரர் ஒருவர் 1998இல் நீதிமன்றத்தில் வெளிப்படுத்தினார். 1999இல் நடந்த அகழ்வில் 15 உடல்கள் கிடைத்தன. 2025 பிப்ரவரியில் அங்குள்ள சித்துப்பாத்தி மயானத்தில் கட்டுமானப் பணியின்போது மீண்டும் எலும்புகள் வெளிப்பட, நீதிமன்ற மேற்பார்வையில் அகழ்வு தொடங்கியது. செப்டம்பருக்குள் 200க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் இனங்காணப்பட்டன. சிறார் எலும்புக்கூடுகளும் அவற்றுள் உண்டு. உடன் கிடைத்த ஆடைகள், வளையல்கள், பள்ளிப் பை, பொம்மை முதலியவை நீதிமன்ற ஆணைப்படி 2025 ஆகஸ்டு 5ஆம் நாள் அடையாளம் காண்பதற்காகப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. மண்ணிலிருந்து எடுக்கப்பட்ட ஒவ்வோர் எலும்புக்கூட்டுக்கும் அகழ்வுப் பதிவேட்டில் ஓர் எண் இடப்பட்டுள்ளது.