நிழல்வரைவு என்னும் சொல்

சிறு பாடவேறுபாட்டினால் நூற்பொருள் எத்துணைத் திரியும் என்பதற்கு மேனாட்டுச் சிற்பநூற் சொல்லொன்று சான்றாகும். ‘ஸ்கியாகிரபியா’ என்னுங் கிரேக்கச்சொல் ‘நிழல்வரைவு’ எனப் பொருள்படும். கி. மு. 5-ஆம் நூற்றாண்டில் ஒளியும் நிழலும் புலப்படத் தீட்டிய ஏதென்ஸ் நகரத்து அபொல்லொடோரர் ‘நிழலோவியர்’ எனப் பெயர் பெற்றார். பிளேட்டோவோ இக்கலையைக் கண்மயக்கென்று கடிந்தார்.

கி. மு. முதல் நூற்றாண்டினரான உரோமச் சிற்பாசிரியர் விட்ரூவியர் கட்டட வரைவினை மூன்றாக வகுத்தார். அவை தரைப்படம், முகப்புப்படம், முகப்பினோடு பின்செல்லும் பக்கங்களையுங் காட்டும் ‘ஸ்கேனோகிரபியா’ என்பன. இறுதியதனை, 1556-இல் வெனிஸ் நகரில் உரைகண்ட பார்பரோ ‘ஸ்கியோகிரபியா’ எனப் பாடங்கொண்டு, கட்டடத்தைப் பிளந்து அகங்காட்டும் வெட்டுப்படமெனப் பொருளுரைத்தார். அதனால் பிற்கால ஆங்கில அகராதிகளில் நிழல்வரைவுச் சொற்கு வெட்டுப்படம் என்னும் பொருளும் ஏறிற்று.

பழைய கையெழுத்துப் பிரதிகளின் பாடம் ‘ஸ்கேனோகிரபியா’வே, இற்றைப் பதிப்புக்களும் அதனையே கொள்வன. பக்கங்கள் பின்செல்லுமாறு வரைந்த படத்தில் அளவு குறுகுதலின், அளவு பிறழாத வெட்டுப்படமே கட்டுவோர்க்குப் பெரிதும் பயன்படும் என்பது மெய்யே. ஆயினும், பயனுடையதென்பது பற்றி ஆசிரியர் கூறாததனை அவர் கூற்றாக்குதல் உரையாகாது. மூலபாடம் துணிந்தபின்னரே பொருள் துணிதல் நூலாராய்வார்க்கு முறையாகும்.