டாக்கோவின் அடுக்குகளில் ஒரு மக்களின் வரலாறு

வட அமெரிக்காவில் வாழும் வாசகர்களுக்கு டாக்கோவை அறிமுகப்படுத்த வேண்டிய அவசியம் இல்லை. ஏனையோருக்காகச் சில வரிகள். சோளமாவில் தட்டிய மெல்லிய ரொட்டியை எண்ணெயில் பொரித்து, பிறைபோல மடித்து எடுத்த மொறுமொறுப்பான ஓடு ஒன்று. அதன் அடியில், வெங்காயம், சீரகம், மிளகாய்த்தூள் சேர்த்து வதக்கிய அரைத்த மாட்டிறைச்சி. அதன்மேல் துருவிய மஞ்சள் நிறச் சீஸ். அதற்கு மேல் நூல்போல அரிந்த சலாது இலை. உச்சியில் தக்காளித் துண்டுகள். அரை மணி நேரத்தில் ஆயத்தமாகிவிடும். மேசையில் எல்லாவற்றையும் தனித்தனிக் கிண்ணங்களில் வைத்துவிட்டால் பிள்ளைகள் தாமே அடுக்கிக்கொள்வார்கள். வேலை முடிந்து களைத்து வரும் குடும்பங்களுக்கு இது சமையலை இலகுவாக்கும் உணவு மட்டுமன்று. மனத்துக்கு ஆறுதல் தரும் உணவும் ஆகும்.

இந்த எளிய உணவின்மீது ஒரு பழி நெடுங்காலமாகச் சுமத்தப்பட்டு வருகிறது. "இது உண்மையான மெக்சிக்கோ உணவே அல்ல, வெள்ளை அமெரிக்க வியாபாரி ஒருவர் தம் கடைக்காக உருவாக்கிய போலி" என்பதே அது. உணவு விடயத்தில் தேர்ச்சி பெற்றவர்கள் எனத் தம்மைக் கருதுவோர் இதை ஏளனமாகச் சொல்வார்கள். விரைவுணவு வியாபாரத்தைப் போற்றுவோர் இதையே பெருமையாகச் சொல்வார்கள். ஒன்று வசை, மற்றையது வாழ்த்து. ஆனால் இரண்டும் இந்த உணவின் பிறப்புரிமையை ஒரே மனிதரிடம் ஒப்படைத்துவிடுகின்றன. வரலாறு அப்படிச் சொல்லவில்லை.

சோளமும் சுண்ணாம்பும்

ஓட்டிலிருந்து தொடங்குவோம். ஏறக்குறைய 9,000 ஆண்டுகளுக்கு முன்னர், இன்றைய மெக்சிக்கோவின் தென்பகுதியில் வாழ்ந்த மக்கள் காட்டுப்புல் ஒன்றைப் பண்படுத்திச் சோளமாக்கினர். அந்தத் தானியத்தைச் சுண்ணாம்பு கலந்த நீரில் அவித்து ஊறவைத்துத் தோலை நீக்கி அரைக்கும் முறையையும் அவர்களே கண்டறிந்தனர். இதனால் மா பிசையக்கூடியதாகிறது என்பது ஒரு பயன். சோளத்தில் பிணைந்து கிடக்கும் நியாசின் என்ற உயிர்ச்சத்து விடுபட்டு உடலில் சேர்கிறது என்பது அதனிலும் பெரிய பயன்.

ஐரோப்பியர் சோளத்தைக் கப்பலில் ஏற்றிச் சென்றனர். சுண்ணாம்பு பற்றிய அறிவை அங்கேயே விட்டுச் சென்றனர். அதன் விளைவாக 18ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினிலும் வட இத்தாலியிலும், 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும், சோளத்தையே நம்பி வாழ்ந்த ஏழைகள் பெலாக்ரா என்ற நோய்க்குப் பலியாயினர். அறிவு முழுவதும் அந்தப் பழங்குடிப் பெண்களின் அம்மிக்கல்லில் இருந்தது என்பது பிற்காலத்திலேயே விளங்கியது.

இருந்தும், சோளம் உண்போர் தாழ்ந்தோர் என்ற எண்ணம் மெக்சிக்கோவிலேயே வேரூன்றியிருந்தது. அந்நாட்டு அரசியல்வாதியான பிரான்சிஸ்கோ புல்னெஸ் 1899இல் வெளியிட்ட நூலொன்றில் மனித குலத்தைக் கோதுமை உண்போர், அரிசி உண்போர், சோளம் உண்போர் எனப் பிரித்து, முன்னேறும் ஆற்றல் கோதுமை உண்போருக்கே உண்டு என வாதிட்டார். டாக்கோ வளர்ந்தது இத்தகைய மேட்டுக்குடி வெறுப்புக்கு நடுவிலேயே ஆகும்.

சோள ரொட்டியில் உணவைச் சுருட்டி உண்பது மிகப் பழைய வழக்கம். ஆனால் டாக்கோ என்ற பெயர் அவ்வளவு பழையதல்ல. உணவு வரலாற்றாசிரியர் ஜெப்ரி பில்ச்சர் இதற்கு ஒரு விளக்கம் தருகிறார். 18ஆம் நூற்றாண்டின் வெள்ளிச் சுரங்கங்களில் பாறையைப் பிளப்பதற்காக வெடிமருந்தைக் காகிதத்தில் சுருட்டி வைப்பார்கள். அந்தச் சுருளின் பெயர் டாக்கோ. சுரங்கத் தொழிலாளி உண்ட ரொட்டிச் சுருளுக்கும் அப்பெயரே நிலைத்திருக்கலாம் என்பது அவரது கருத்து. 'சுரங்கத் தொழிலாளியின் டாக்கோ' என்ற பழைய வழக்கு இதற்குச் சான்றாகக் காட்டப்படுகிறது. ரொட்டியை மடித்துப் பொன்னிறமாகப் பொரிக்கும் வழக்கமும் மெக்சிக்கோ மக்களுடையதே. 'பொன்னிற டாக்கோ' என்றே அதை அவர்கள் அழைக்கின்றனர்.

எல்லைக்கு இப்பால்

மாடும் சீரகமும் சீஸும் ஸ்பானியருடன் வந்தவை. மெக்சிக்கோவின் வட பகுதி பெரும் மாட்டுப் பண்ணைகளின் நிலமாயிற்று. 1848ஆம் ஆண்டு, போரில் தோற்ற மெக்சிக்கோ தன் நிலப்பரப்பில் ஏறத்தாழப் பாதியை அமெரிக்காவிடம் இழந்தது. அங்கு வாழ்ந்த மக்கள் இருந்த இடத்திலிருந்து நகராமலேயே வேறொரு நாட்டின் சிறுபான்மையினர் ஆயினர். 1910இல் மெக்சிக்கோவில் புரட்சி வெடித்த பின்னர் போரிலிருந்து தப்பிய இலட்சக்கணக்கானோர் வடக்கே வந்து அவர்களுடன் சேர்ந்தனர்.

வந்த இடத்தில் ஊர்ச் சந்தை இல்லை. ஊர்ப் பாற்கட்டி இல்லை. அமெரிக்கக் கடையில் மலிவாகக் கிடைத்தவை இயந்திரத்தில் அரைத்த மாட்டிறைச்சியும், ஆங்கிலேயக் கிராமமொன்றின் பெயரைத் தாங்கிய செடார் சீஸும், உருண்டைச் சலாதுவும் ஆகும். அவற்றைத் தமது சோள ரொட்டிக்குள் இட்டவர்கள் அக்குடும்பங்களின் பெண்கள். அவர்கள் பெயர்கள் எந்த ஆவணத்திலும் இல்லை.

சலாதுவைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். கலிபோர்னியாவின் சலினாஸ் பள்ளத்தாக்கில் விளைந்த இந்தச் சலாது, பனிக்கட்டியுடன் ரயிலில் ஏற்றப்பட்டு நாடெங்கும் சென்றது. குனிந்து அதை வெட்டியவர்களில் பெரும் பகுதியினர் மெக்சிக்கோ வழிவந்த தொழிலாளர்கள். 1930களின் பொருளாதார மந்தத்தின்போது, அமெரிக்கப் பிரசைகளையும் உள்ளடக்கிய இலட்சக்கணக்கான மெக்சிக்கோ வம்சாவளியினர் நாட்டைவிட்டு வெளியேற்றப்பட்டனர். யுத்த காலத்தில் ஆள் தேவைப்பட்டதும் 1942இல் 'பிரசேரோ' ஒப்பந்தத்தின் கீழ் மெக்சிக்கோவிலிருந்து தொழிலாளர்கள் மீண்டும் அழைக்கப்பட்டனர். அத்திட்டம் 1964 வரை நீடித்தது. 1970இல் அதே சலினாஸில் ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் சலாதுத் தோட்டங்களை விட்டு வெளியேறி நடத்திய வேலைநிறுத்தம் அமெரிக்க விவசாயத் தொழிற்சங்க வரலாற்றில் குறிப்பிடத்தக்கது. டாக்கோவில் வெறும் அலங்காரம்போலத் தோன்றும் அந்தப் பச்சை அடுக்கினுள் இத்தனையும் அடங்கியிருக்கிறது.

மித்லா உணவகம்

கலிபோர்னியாவின் சான் பெர்னார்டினோ நகரில், மவுண்ட் வேர்ணன் வீதியில், லூசியா ரொட்ரிகஸ் என்ற பெண்மணியும் அவரது கணவரும் 1937இல் மித்லா என்ற உணவகத்தைத் திறந்தனர். அங்கே விற்கப்பட்டது இந்த அடுக்கு டாக்கோதான்: பொரித்த ஓடு, அரைத்த மாட்டிறைச்சி, செடார் சீஸ், சலாது, தக்காளி.

அந்நகரில் மெக்சிக்கோ வம்சாவளியினர் நகரசபையின் நீச்சல் தடாகத்தைப் பயன்படுத்தத் தடை இருந்தது. இதற்கு எதிராகத் திரண்டவர்கள் கூடிப் பேசிய இடங்களுள் மித்லாவும் ஒன்று. அவர்களுக்குத் தலைமை தாங்கியவர்களுள் ஒருவர் 'எல் எஸ்பெக்டடோர்' என்ற ஸ்பானிய மொழிப் பத்திரிகையின் ஆசிரியரான இக்னாசியோ லோப்பஸ். பத்திரிகைத் தொழிலில் இருப்பவன் என்ற வகையில் அப்பெயரைச் சற்று மதிப்புடனேயே எழுதுகிறேன். அவரும் ஏனையோரும் நகர மேயருக்கு எதிராகத் தொடுத்த வழக்கில் 1944இல் சமஷ்டி நீதிமன்றம் அவர்களுக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. பாடசாலைகளில் இனப்பிரிப்பு சட்டவிரோதம் என அமெரிக்க உயர் நீதிமன்றம் அளித்த புகழ்பெற்ற தீர்ப்புக்குப் பத்து ஆண்டுகள் முந்தியது இது.

மித்லாவுக்கு எதிர்ப்புறத்தில் வந்து கடை போட்டவர், யுத்தத்திலிருந்து திரும்பிய கிளென் பெல் என்ற இளைஞர். முதலில் ஹொட் டோக்கும் ஹம்பர்கரும் விற்றார். எதிரே டாக்கோவுக்காக மக்கள் வரிசையில் நிற்பதைக் கண்டார். அங்கே அடிக்கடி சென்று உண்டார். பின்னர் சமையலறைக்குள்ளும் அழைக்கப்பட்டுச் செய்முறையைப் பார்த்தார் என்பது மித்லா குடும்பத்தாரின் நினைவு. 1950களின் தொடக்கத்தில் அவரும் டாக்கோ விற்கத் தொடங்கினார். விலை 19 சதம். ஒரே தடவையில் பல ஓடுகளைப் பொரிக்கும் கம்பிச் சட்டம் ஒன்றைச் செய்வித்தார். 1962இல் டவுனி நகரில் டாக்கோ பெல் பிறந்தது. 1978இல் அதனைப் பெப்சிகோ நிறுவனம் வாங்கியது. மித்லாவின் இந்தக் கதையைப் பத்திரிகையாளர் குஸ்தாவோ அரெல்லானோ 2012இல் வெளியிட்ட நூலில் விரிவாகப் பதிவு செய்த பின்னரே வெளியுலகம் பரவலாக அறிந்தது.

அந்தக் கம்பிச் சட்டமும் புதுமையன்று. மெக்சிக்கோவின் வஹாக்காவில் பிறந்து நியூயோர்க்கில் உணவகம் நடத்திய ஜுவென்சியோ மல்டொனாடோ, மடித்த ஓடுகளைப் பொரிக்கும் கருவிக்கு 1947இல் விண்ணப்பித்து 1950இல் அமெரிக்கக் காப்புரிமை பெற்றிருந்தார்.

பெல் திறமையற்றவர் என்பதல்ல நமது வாதம். வங்கிக் கடனும், நிலமும், வெள்ளையர் குடியிருப்புகளில் கடை திறக்கும் வாய்ப்பும் அக்காலத்தில் யாருக்கு இருந்தன என்பதே கேள்வி. நீச்சல் தடாகத்தில் இறங்குவதற்கே வழக்காட வேண்டியிருந்த சமூகத்திடம் சமையல் அறிவு இருந்தது. சங்கிலிக் கடைகளை நிறுவும் வசதி இருக்கவில்லை.

எது அசல்?

இன்று இந்த அடுக்கு டாக்கோ நோர்வேயில் வெள்ளிக்கிழமை இரவின் குடும்ப உணவு. ஜப்பானின் ஒக்கினாவாத் தீவில், அமெரிக்கப் படைமுகாம் அருகே, 1980களில் அதே இறைச்சியையும் சீஸையும் சலாதுவையும் சோற்றின்மேல் அடுக்கி 'டாக்கோ ரைஸ்' ஆக்கினார்கள். டாக்கோ பெல் மட்டும் மெக்சிக்கோவில் 1992இலும் 2007இலும் கடை திறந்து, இரு முறையும் மூடிக்கொண்டு வெளியேறியது.

அப்படியானால் இது போலிதானே என்று கேட்கலாம். நமது சமையலறையையே பாருங்கள். யாழ்ப்பாணத்துக் கறித்தூளின் உயிரான மிளகாய் அமெரிக்கக் கண்டத்துச் செடி. போர்த்துக்கேயர் வழியாகக் கீழைத்தேயம் வந்தது. தக்காளியும் அவ்வாறு கடல் கடந்து வந்ததே. அதற்காக நமது கறியைப் போலி என யாரும் சொல்வதில்லை. சொன்னால் நாம் விடவும் மாட்டோம். கிடைத்ததைக் கொண்டு தம் சுவையைக் காப்பாற்றிக்கொள்வது இடம்பெயர்ந்த எல்லா மக்களும் செய்யும் காரியம். குளிர்நாடுகளில் ஒடியலும் முருங்கையிலையும் தேடி அலைந்து, கிடைக்காதபோது கிடைத்த கீரையைச் சுண்டிச் சாப்பிட்ட நம்மவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

வீட்டில் செய்வோர் அடுக்கும் ஒழுங்கைக் கவனித்தால் அதில் ஓர் அறிவு இருப்பது தெரியும். இறைச்சியை வதக்கியபின் மிதக்கும் கொழுப்பை வடித்துவிட வேண்டும்; இல்லாவிடின் ஓடு ஊறி உடைந்துவிடும். ஓட்டை அவணில் சில நிமிடம் சூடாக்க வேண்டும். சூடான இறைச்சிமீது உடனே சீஸைத் தூவினால் அது உருகி இறைச்சியைப் பிடித்துக்கொள்ளும். மேலிருக்கும் சலாதுவின் ஈரமும் கீழே இறங்காது. தக்காளி கடைசியாகவே வரவேண்டும். கடைப் பொதிகளின் பின்புறத்தில் அச்சிடப்பட்டிருக்கும் இந்த ஒழுங்கை நிறுவன நிபுணர் எவரும் ஆய்வுகூடத்தில் கண்டறியவில்லை. மவுண்ட் வேர்ணன் வீதியிலும் அதுபோன்ற நூறு வீதிகளிலும், வயலிலிருந்தும் ரயில் பாதையிலிருந்தும் பசியோடு திரும்பியவர்களுக்காக அடுப்படியில் நின்ற பெண்கள் கண்டறிந்தது அது. அடுத்த முறை உங்கள் பிள்ளைகள் டாக்கோ அடுக்கும்போது, கடைப் பெயருக்குப் பதிலாக லூசியா ரொட்ரிகஸ் என்ற பெயரை அவர்களுக்குச் சொல்லுங்கள்.