கானகம் காத்தவர்கள் – 17: வரிக்குதிரை விமானம்

பெர்ன்ஹார்ட் கிஷிமெக் தொலைக்காட்சியில் உட்கார்ந்துகொண்டு ஒரு பச்சைப் பொய் சொன்னாரே, அந்தக் கதையை இந்த வாரம் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். எழுதத்தான் போகிறேன். அதற்குமுன் அந்த விமானத்தை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்துவிடுவோம். விமானம் இல்லையென்றால் செரெங்கெட்டிக் கதை இல்லை. செரெங்கெட்டி இல்லையென்றால் அந்தப் பொய்க்கு வேலையே இல்லை.

பிராங்க்பர்ட் விலங்கியல் பூங்கா குண்டுவீச்சில் சின்னாபின்னமானது, 1945 மே மாதம் கால்நடை மருத்துவரான கிஷிமெக் அதன் இயக்குநர் நாற்காலியில் வந்து உட்கார்ந்தது, நாஜிக் கட்சி உறுப்பினரா இல்லையா என்று அவரைத் துருவியது எல்லாம் தொடரைப் படித்து வருபவர்களுக்குத் தெரிந்த கதை. 1956 அக்டோபர் 28 அன்று தொடங்கிய ‘விலங்குகளுக்கு ஓர் இடம்’ தொலைக்காட்சி நிகழ்ச்சியையும் பார்த்துவிட்டோம். மேசை மேல் ஒரு சிறுத்தையோ சிம்பன்சியோ இருக்கும். அது காகிதத்தைக் கிழித்தாலும் டையை இழுத்தாலும் மனுஷன் அசராமல், அவசரமே இல்லாமல் பேசிக்கொண்டு போவார். ஜெர்மனி முழுக்க அந்தப் பேச்சு எவ்வளவு பழக்கம் என்றால், நகைச்சுவைக் கலைஞர் லோரியோ 1976இல் அதே பாணியில் உட்கார்ந்து, கல்லைத் தின்னும் பேன் என்று இல்லாத ஒரு பிராணியை அறிமுகம் செய்தார். அந்தப் பேன் பிற்பாடு ஒரு நிஜமான மருத்துவ அகராதிக்குள்ளேயே புகுந்துவிட்டது. சரி, விமானம்.

1956இல் கிஷிமெக்கும் மகன் மைக்கேலும் ஆப்பிரிக்காவில் எடுத்த ‘காட்டு விலங்குகளுக்கு இடமில்லை’ படம் பெர்லின் விழாவில் பரிசு வாங்கியது. பணமும் வந்தது. அந்தப் பணத்தில் நிலம் வாங்கி செரெங்கெட்டி தேசியப் பூங்காவோடு சேர்த்துவிடலாமா என்று டாங்கனீகாவை ஆண்ட பிரிட்டிஷ் நிர்வாகத்திடம் கேட்டார்கள். பூங்காக்களின் இயக்குநர் பீட்டர் மொல்லாய் விவரமான ஆள். நிலம் இருக்கட்டும், முதலில் இங்கே எத்தனை விலங்குகள் இருக்கின்றன, எந்த மாதத்தில் எங்கே போகின்றன என்று பார்த்துச் சொல்லுங்கள் என்றார். ஏனென்றால் பூங்காவின் கிழக்குப் பகுதியை, கோரோங்கோரோ எரிமலைப் பள்ளத்தோடு சேர்த்து வெட்டிக் கழித்துவிட அப்போதே திட்டம் தயாராகிக்கொண்டிருந்தது. எல்லைக்கோடு போடுகிறவர்கள் கையில் விலங்குகளின் தடம் பற்றி ஒரு துண்டுக் காகிதம்கூடக் கிடையாது.

எண்ணுவது எப்படி? பறந்துதான். அப்பாவும் பிள்ளையும் விமானம் ஓட்டக் கற்றுக்கொண்டார்கள். அப்பாவுக்கு 48 வயது, பிள்ளைக்கு 23. வாங்கியது டோர்னியர் டிஓ 27. போரில் தோற்ற ஜெர்மனி விமானம் கட்டக் கூடாது என்ற தடை 1955இல்தான் நீங்கியது. அதன் பிறகு அங்கே பெரிய எண்ணிக்கையில் தயாரான முதல் விமானம் இதுதான். ஒற்றை இன்ஜின். இறக்கை தலைக்கு மேலே இருப்பதால் ஜன்னலில் முகத்தை வைத்தால் கீழே தரை முழுசாகத் தெரியும். மெதுவாகப் பறக்கும், இறங்கி ஏற ஒரு சின்னத் திடல் போதும். பதிவெழுத்துகளில் கடைசி நான்கைச் சேர்த்துப் படித்தால் ஜெர்மன் மொழியில் வாத்து. அந்த வாத்துக்கு மூக்கிலிருந்து வால்வரை கறுப்பும் வெள்ளையுமாக வரிக்குதிரைக் கோடு அடித்தார்கள். கோட்டுக்கு ஆயிரம் காரணம் சொல்லலாம். என்னைக் கேட்டால் ஒரே காரணம்தான்: படத்தில் பார்த்தவன் ஜென்மத்துக்கும் மறக்க மாட்டான். இப்படி யோசிப்பதில் கிஷிமெக்கை மிஞ்ச அந்தக் காலத்தில் எந்த விஞ்ஞானியும் கிடையாது.

1957 டிசம்பரில் கிளம்பி, மத்தியதரைக் கடலைத் தாண்டி, பாலைவனத்தைத் தாண்டி, அந்தப் பொம்மை விமானம் செரெங்கெட்டியில் வந்து இறங்கியது. பானகி என்ற இடத்தில் முகாம். சமவெளியைப் பகுதி பகுதியாகப் பிரித்துக்கொண்டு, ஏர் உழுகிற மாதிரி இணைகோடுகளாகப் போய் வந்தார்கள். ஓட்டுகிறவர் கண் திசைகாட்டியில். மற்றவர்கள் கண் கீழே. இதில் என்ன கஷ்டம் என்கிறீர்களா? இன்ஜின் சத்தம் கேட்டதும் மந்தை ஓடும். ஓடினால் புழுதி. இந்தக் கோட்டில் எண்ணிய வில்டபீஸ்ட் அடுத்த கோட்டுக்குள் ஓடிவந்து மறுபடி ஆஜர் கொடுக்கும். தாம்சன் கெசல் மானோ ஆடு அளவுதான், புல்லின் நிறத்தில் நிற்கும். எண்ணிக்கை போதாதென்று விலங்குகளைப் பிடித்துக் கழுத்தில் வண்ணப் பட்டை மாட்டினார்கள், எது எங்கே போகிறது என்று வானத்திலிருந்து தேட.

கடைசியில் கணக்கு வந்தது: வில்டபீஸ்ட் 99,481. வரிக்குதிரை 57,199. அந்தக் கடைசி 81ஐயும் 99ஐயும் பாருங்கள். ஓடுகிற மந்தையை மேலேயிருந்து கண்ணால் பார்த்துச் சொன்ன எண்ணில் ஒன்றாம் இலக்கம் வரை துல்லியம்! அடுத்த சில வருடங்களில் வந்த ஆய்வாளர்கள் புகைப்படம் எடுத்து எண்ணி, இரண்டரை லட்சம் வில்டபீஸ்ட் வரை கண்டார்கள். ஆனால் எண்ணிக்கையில் கோட்டைவிட்டவர்கள் தடத்தில் விடவில்லை. மந்தைகள் வருடத்தில் பல மாதங்களைப் புதிய எல்லைக்கு வெளியேதான் கழிக்கின்றன என்று காட்டினார்கள். காட்டி என்ன? எண்ணியவர்கள் கணக்கைக் கூட்டி முடிப்பதற்குள் முடிவு எடுத்தாகிவிட்டது. 1959இல் கோரோங்கோரோ தனியாகப் பிரிந்தது.

இங்கே ஒன்று சொல்லியாக வேண்டும், சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. அதே வில்டபீஸ்ட் 1970களின் கடைசியில் 13 லட்சமாக ஆனது. யார் காப்பாற்றியது? விமானமும் இல்லை, படமும் இல்லை. நம் ஊர் மாட்டுக்காரர்கள் வெக்கை என்பார்களே, அந்த ரிண்டர்பெஸ்ட் நோய் 1890 வாக்கில் கிழக்கு ஆப்பிரிக்காவுக்குள் வந்து மசாய் மக்களின் மாடுகளை வாரிக்கொண்டு போனது. மாடு போனதும் பஞ்சம். காட்டு வில்டபீஸ்டும் அதே நோயில் தலைமுறை தலைமுறையாகக் கன்றிலேயே செத்துக்கொண்டிருந்தது. நைரோபிக்குப் பக்கத்தில் முகுகா ஆய்வுக்கூடத்தில் வால்டர் பிளோரைட் என்ற கால்நடை மருத்துவர், கன்றுக்குட்டியின் சிறுநீரக உயிரணுக்களில் அந்தக் கிருமியைத் திரும்பத் திரும்ப வளர்த்து, வீரியம் தேயவிட்டு, நல்ல தடுப்பூசி ஒன்றை உண்டாக்கினார். ஊசி போட்டது மாட்டுக்கு. மாட்டில் நோய் அடங்கியதும், 1960களின் தொடக்கத்திலேயே, காட்டிலும் அடங்கிவிட்டது. நோயின் ஊற்று மாட்டில்தான் இருந்தது, காட்டில் இல்லை என்று அதில்தான் தெரிந்தது. 2011இல் உலகத்தை விட்டே அந்த நோய் போய்விட்டது. பிளோரைட்டுக்கு வரிக்குதிரை விமானமும் இல்லை, ஞாபகம் வைத்துக்கொள்ள மேசை மேல் சிறுத்தையும் இல்லை. என் பட்டியலில் செரெங்கெட்டியின் முதல் நாயகன் அவர்தான்.

கிஷிமெக் கண்ணுக்கோ மாடு பகை. தேசியப் பூங்காவுக்குள் மனிதர் யாருமே, அந்த மண்ணின் மக்கள்கூடக் குடியிருக்கக் கூடாது என்பது அவர் கட்சி. அவரும் மகனும் எண்ணத் தொடங்கிய 1958இல்தான், செரெங்கெட்டியை விட்டு விலகுவதாக மசாய் பெரியவர்களிடம் பிரிட்டிஷ் நிர்வாகம் கையொப்பம் வாங்கியது. பதிலுக்கு கோரோங்கோரோ உங்களுக்கு என்றார்கள். அந்த கோரோங்கோரோவிலிருந்தும் இன்று அவர்களைக் கிளப்பிக்கொண்டிருக்கிறார்கள். ஜெர்மனியில் ஒரு பூங்காவைச் செங்கல் செங்கலாக எழுப்பிய மனிதருக்கு, அந்தப் புல்வெளியில் மாடும் மானும் நூற்றாண்டுகளாகச் சேர்ந்து மேய்ந்தது கண்ணில் படவில்லை. இதை அவருடைய ரசிகர்கள் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். ஒப்புக்கொள்ளாவிட்டால் போகட்டும்.

1959 ஜனவரி 10. மைக்கேல் தனியாகப் பறந்துகொண்டிருந்தான். பிணந்தின்னிக் கழுகு ஒன்று வலது இறக்கையில் வந்து மோதியது. இறக்கையின் முன்விளிம்பு நசுங்கி உள்ளே ஓடும் கட்டுப்பாட்டுக் கம்பி சிக்கிக்கொள்ள, வாத்து தலைகுப்புற விழுந்தது. அவனுக்கு இன்னும் 25 முடியவில்லை. கோரோங்கோரோ பள்ளத்தின் விளிம்பிலேயே புதைத்தார்கள். ஜெர்மனியில் அவன் மனைவி அப்போது கர்ப்பமாக இருந்தாள்.

மீதிப் படத்தை முடிக்கக் கைகொடுத்தவர் ஆலன் ரூட் என்ற கென்யா இளைஞர். பிற்காலத்தில் இயற்கைப் படங்களில் பெரிய பெயர். ‘செரெங்கெட்டி சாகக் கூடாது’ அந்த வருடமே வெளிவந்தது. விளக்கவுரையில் இரண்டு வாக்கியங்களை எடுத்துவிடுங்கள், மேல்தரச் சான்று தருகிறோம் என்றது ஜெர்மனியின் திரைப்படத் தரக்குழு. எடுக்க மாட்டேன் என்றார் கிஷிமெக். 1960இல் சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் வந்தது.

பொய்க்கு இடம் கொஞ்சம்தான் மிச்சம். 1961 டிசம்பரில் டாங்கனீகா சுதந்திரம் அடைந்தது. பள்ளிக்கூடமும் மருத்துவமனையும் கட்டக் காசில்லாத நாடு, சிங்கத்துக்கு எதற்கு நிலம் விடும்? சுற்றுலாக்காரன் காசு கொண்டுவந்தால் விடும் என்பது கிஷிமெக் போட்ட கணக்கு. அன்றைக்கு ஆப்பிரிக்கப் பயணம் கோடீஸ்வரன் சமாசாரம். ஒருநாள் நிகழ்ச்சியில் வழக்கம்போல நிதானமாக, கிழக்கு ஆப்பிரிக்காவுக்கு இன்ன விலையில் மலிவாகப் போய்வரலாம் என்று ஒரு தொகையைச் சொல்லிவிட்டார். அப்படி ஒரு பயணத்தை எந்த நிறுவனமும் விற்கவில்லை. பார்த்தவர்கள் பயண அலுவலகங்களில் போய் அந்த விலைக்குச் சீட்டு கேட்டார்கள். இல்லை என்றால் டாக்டர் கிஷிமெக்கே சொன்னாரே என்றார்கள். வேறு வழியில்லாமல் நிறுவனங்கள் வாடகை விமானம் பேசி, விடுதி பேசி, அந்த விலைக்குப் பயணம் போட்டுக் கொடுத்தன.

கூண்டுக்கோழி முட்டைக்கு வதைமுகாமின் பெயரைச் சூட்டி, பண்ணைக்காரர்கள் அவரைக் கோர்ட்டுக்கு இழுத்த விவகாரம் அடுத்த வாரம்.

(தொடரும்)