கதவும் அடுப்பும்

காலம் எல்லோருக்கும் ஒரே வேகத்தில் ஓடுவதாகப் பள்ளிக்கூடத்தில் சொல்லித்தருகிறார்கள். பண்ருட்டியிலிருந்து வடலூர் போகிற சாலையில், காடாம்புலியூர் முந்திரித் தோப்புகளைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதை நம்புவது சிரமம். முந்திரிக்கொட்டை உடைக்கிற பெண்களின் கைகள், தோட்டு எண்ணெய் பட்டு வெந்து, முகத்துக்கு முன்னாலேயே கிழடுதட்டிவிடும். காலத்தின் ஓட்டத்திலிருந்து உடம்பைக் காத்துக்கொள்ளும் ஒரு 'தொழில்நுட்பம்' பற்றிய கற்பனை, பத்தொன்பதாம் நூற்றாண்டில் இதே வட்டாரத்தில் எழுந்தது தற்செயல் அல்ல என்றே நினைக்கிறேன்.

வள்ளலார் இராமலிங்கர் 1874 ஜனவரி 30 அன்று மேட்டுக்குப்பத்தில் ஓர் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். பிறகு அவரை யாரும் பார்க்கவில்லை. 1906இல் வெளியான தென்னார்க்காடு மாவட்ட விவரச்சுவடியில், அந்த அறை அப்போதும் பூட்டியே இருந்ததாக டபிள்யூ. பிரான்சிஸ் குறித்திருக்கிறார். "சாமி உள்ளதான் இருக்காரு, வேளை வந்தா வெளிய வருவாரு" என்று எங்கள் பக்கத்துக் கிழவிகள் சொல்வார்கள். அவர் கொல்லப்பட்டார் என்பது பகுத்தறிவு முகாமில் உலவும் பேச்சு. பக்தர், பகுத்தறிவாளர் இரு தரப்புமே அந்தக் கதவையே பார்த்துக்கொண்டு நிற்கின்றன என்பதுதான் என் பிரச்சினை. இந்த வரலாற்றுக் கதையாடலை 1874இலிருந்து தொடங்காமல் 1867இலிருந்து தொடங்கினால் என்ன ஆகும்?

1867 மே 23 அன்று வடலூரில் சத்திய தருமசாலை தொடங்கியது. அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையவில்லை. சாதி, மதம் கேட்காமல் வந்தவருக்குச் சோறு. அவர் எழுதிய 'ஜீவகாருண்ய ஒழுக்கம்' என்கிற உரைநடையில், பசி ஏற ஏற உடம்பிலும் மனத்திலும் என்னென்ன குலைகிறது என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு போகிற பகுதி உண்டு. ஒரு மருத்துவக் குறிப்பைப் போல அதை வாசித்துப் பார்க்கலாம். முதுமை நாற்பது ஐம்பது வருஷத்தில் செய்வதைப் பசி நாற்பது ஐம்பது நாளில் செய்து முடித்துவிடுகிறது. பசி என்பது வேகமாக ஓடவிடப்பட்ட காலம். அப்படியானால் அடுப்புதான் காலத்துக்கு எதிரான முதல் கருவி. சித்தர்களின் காயகற்பம் குரு–சீடர் இரகசியத்துக்குள் இருந்தது. வள்ளலாரின் 'மரணமிலாப் பெருவாழ்வு' சோற்றுப் பந்தியிலிருந்து தொடங்கியது. இறந்தவரைச் சுடாமல் புதைக்கச் சொன்னார். அவர்கள் எழுந்து வருவார்கள் என்றார். செத்தவரையும் விட்டுவிடாத கணக்கு அது.

அவர் கதவைச் சாத்திய இரண்டு வருஷத்தில் சென்னை மாகாணத்தைப் பெரும்பஞ்சம் பிடித்தது (1876–78). லட்சக்கணக்கில் மக்கள் செத்தார்கள். 1877இல் ரிச்சர்ட் டெம்பிள் நிவாரண வேலையில் ஆண் கூலியை ஒரு பவுண்டு தானியமும் ஓரணாவும் என்று குறைத்தார். உழைக்கிற உடம்புக்கு அது போதாது என்று மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ் வாதாடினார். ஓர் உடம்பு எவ்வளவு காலம் தாங்கும் என்பதை அரசதிகாரம் தராசில் வைத்து நிறுத்த தருணம் அது. தருமசாலை அடுப்புக்கு நேரெதிரே வைக்கவேண்டிய பொருள் இந்தத் தராசுதான்.

இதே காலத்தில் மாஸ்கோவில் நூலகராக இருந்த நிகோலாய் ஃபியோதரோவ் (1829–1903), இறந்த முன்னோர் அனைவரையும் அறிவியலால் உயிர்ப்பிப்பதே மனிதகுலத்தின் பொதுவேலை என்று எழுதினார். 1891 ரஷ்யப் பஞ்சம் அவரை மழையை வசப்படுத்துவது பற்றி யோசிக்க வைத்தது. ஒருவரையொருவர் அறியாத இருவரிடமும் பசியும் சாவும் ஒரே பகைதான். மறுபக்கம், 1967 ஜனவரியில், தருமசாலையின் நூறாவது ஆண்டில், ஜேம்ஸ் பெட்ஃபோர்டு என்கிற பேராசிரியரின் உடல் கலிபோர்னியாவில் உறையவைக்கப்பட்டது. இன்று அமெரிக்காவில் முழு உடம்பை உறையவைத்துக் காக்கப் பெரும்பணம் ஆகிறது. காசு உள்ளவனுக்குக் காலம் நிற்கும் என்பதே இதன் அர்த்தம். சாகாமை தனியாருக்குப் பட்டா போட்டுக் கொடுக்கப்பட்டுவிட்டது.

நம் பக்கம் இன்னொரு காலக் கருவியும் உண்டு. வடலூருக்கு மேற்கே நெய்வேலியில் கோடிக்கணக்கான வருஷத்துக் காடு பழுப்பு நிலக்கரியாக மண்ணுக்குள் உறைந்து கிடந்தது. 1956இல் நிறுவனம் வந்தது; 1961இல் நிலக்கரி வெளியே தெரிந்தது. அடியில் இருக்கிற நீர் சுரங்கத்தைப் பிளந்துவிடாமல் இருக்க இராப்பகலாக இறைத்துக்கொண்டே இருக்கவேண்டும். நகரியத்துக்குள் விளக்கும் நிழலும். வெளியே, நிலத்தைக் கொடுத்துவிட்டு வேலைக்காகத் தலைமுறை கடந்தும் மனுப்போட்டுக்கொண்டிருப்பவர்கள். 2023 ஜூலையில் வளையமாதேவியில் நின்ற நெல்லின் மீது மண்வெட்டி இயந்திரங்கள் இறங்கின. கதிர் முற்றும்வரை காத்திருக்க நேரம் இல்லையாம். கோடி வருஷம் காத்திருந்த கரிக்குச் சில வாரம் பொறுக்க முடியவில்லை. "அறுத்துட்டுத் தர்றோம்னுதானே கேட்டோம்?" என்கிற கேள்வி காலம் யாருடையது என்கிற கேள்வியும்தான்.

2024இல் வடலூர்ப் பெருவெளியில் சர்வதேச மையம் கட்ட அரசு இறங்கியபோது, அந்த நிலத்தை வள்ளலாருக்குக் கொடுத்தவர்களின் வழிவந்த பார்வதிபுரத்து மக்கள் குழிக்குள் இறங்கி மறித்தார்கள். வெட்டவெளி வெட்டவெளியாகவே இருக்கட்டும் என்றார்கள். இதைப் பக்தி என்று ஒதுக்கிவிட்டு நகர்வது நம் தோழர்களுக்குச் சுலபம். ஆனால், எவர் உடம்பும் பசியால் முன்கூட்டியே கிழடாகக்கூடாது என்கிற கோரிக்கை, எந்த அரசியல் திட்டத்திலும் இவ்வளவு பச்சையாக எழுதப்படவில்லை. பூட்டிய கதவைத் திறந்து பார்க்கும் ஆசையை விட்டுவிடலாம். அடுப்பு எரிகிறது. அதில் யார் விறகு போடுவது, பந்தியில் யார் இன்னும் உட்காரவில்லை என்பதைப் பேசலாம்.