காணாமல் போன ஒன்பது நிமிடங்கள்

1906 ஜனவரி 1-ம் தேதி மதராஸ் கடிகாரங்கள் ஏறக்குறைய ஒன்பது நிமிடம் முன்னால் தள்ளி வைக்கப்பட்டன. ஊருக்குப் போன் போடுவதற்கு முன் நாமெல்லாம் விரல் விட்டுக் கணக்குப் போடுகிறோமே, அந்த 'இந்திய நேரம்' பிறந்தது அன்றைக்குத்தான். கிரீன்விச்சுக்கு ஐந்தரை மணி நேரம் முன்னால். அதற்கு முன் இருந்தது மதராஸ் நேரம். 5 மணி 21 நிமிடம் சொச்சம். பாதி இந்தியாவுக்குத் தெரியாத சங்கதி, ரயில் ஓடிய நாடு முழுவதையும் முப்பது வருஷத்துக்கு மேல் கட்டி மேய்த்தது இந்தச் சொச்சம்தான்.

சென்னையில் புயல் வந்தால் டிவிக்காரர்கள் போய் நிற்கும் நுங்கம்பாக்கம் வானிலை மையம் இருக்கிறதல்லவா? அந்த வளாகத்தில் ஒரு கருங்கல் தூண் நிற்கிறது. தமிழ், தெலுங்கு உட்படப் பல மொழிகளில் எழுத்து பொறித்தது. 1792-ல் கிழக்கிந்தியக் கம்பெனி கட்டிய வானாய்வகத்தின் மிச்சம் அது. மைக்கேல் டாப்பிங் கட்டினார். பின்னால் வந்த ஜான் கோல்டிங்ஹாம், வியாழனின் துணைக்கோள்கள் மறையும் கணங்களைப் பார்த்துப் பார்த்து மதராஸின் தீர்க்கரேகையைக் கணக்கிட்டார். 1802-ல் அவருக்குக் கிடைத்த விடை 80 பாகை 18½ கலை. ஒரு பாகைக்கு நான்கு நிமிடம் என்று பெருக்கினால் 5 மணி 21 நிமிடம் 14 விநாடி. மதராஸ் நேரம் இப்படிப் பிறந்ததுதான்.

பிறந்தால் போதுமா? காப்பாற்ற வேண்டாமா? கடிகாரம் தானாகச் சரியாக ஓடாது. வெயிலில் ஊசல் தண்டு நீளும், நீண்டால் மணி பிந்தும். (மதராஸ் வெயில் சும்மா விடுமா!) அதனால் மேகமில்லாத ராத்திரிகளில் ஓர் ஆள் உட்கார்ந்து வேலை பார்க்க வேண்டும். தொலைநோக்கி வடக்கு தெற்காக மட்டும்தான் அசையும். அதன் கண்ணாடிக்குள் சிலந்தி இழை மாதிரி மெல்லிய கோடுகள். நட்சத்திரம் கோட்டைத் தாண்டும் கணத்தைப் பிடிக்க வேண்டும். ஒரு கண் நட்சத்திரத்தில், ஒரு காது கடிகாரத்தின் டிக்கில். எந்த நட்சத்திரம் எப்போது தாண்ட வேண்டும் என்பது பட்டியலில் இருக்கும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான் கடிகாரத்தின் பிழை. இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம், அந்தப் பிழைக்காக அவர்கள் கடிகாரத்தைத் தொடுவதில்லை. இன்று இத்தனை விநாடி என்று நோட்டில் எழுதி வைத்துக்கொண்டு, கணக்கில் கழித்துக்கொள்வார்கள். சாயங்காலம் கேஷ் டேலியாகாமல் தலையைச் சொறிந்த எந்த வங்கிக்காரனுக்கும் அந்த நேர்மை புரியும்.

ராத்திரி கண் விழித்தவர்களில் நம்மவர்களும் உண்டு. சிந்தாமணி ரகுநாதாச்சாரி அங்கே உதவியாளராக இருந்தவர். 1867-ல் மாறொளி விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். பஞ்சாங்கத்தை வானத்தோடு ஒத்துப்பார்த்துத் திருத்த வேண்டும் என்றும் பாடுபட்டார். 1880-ல் காலமானார். நமது பாடப்புத்தகத்தில் இவர் பெயரை நான் பார்த்ததில்லை.

அப்படிக் காத்த நேரம் தந்திக் கம்பியில் நாடு முழுக்கப் போனது. 1870 வாக்கில் ரயில்வே மதராஸ் நேரத்தை எடுத்துக்கொண்டது. பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் நடுவில் மதராஸ் இருந்தது காரணம். பம்பாய்க்கு அது பொறுக்கவில்லை. அவர்கள் சூரியன் அரை மணி பின்னால் அல்லவா வருகிறது! 1906-ல் இந்திய நேரம் வந்தபோதும் ஆலைத் தொழிலாளர்கள் எதிர்த்தார்கள். பம்பாய் மாநகராட்சி அதற்குப் பிறகும் பல பத்தாண்டுகள் தன் சொந்த நேரத்தையே வைத்திருந்தது. மதராஸ் மட்டும் சத்தம் போடாமல் ஒன்பது நிமிடத்தைக் கொடுத்துவிட்டது. நாம் எப்போதுமே கொஞ்சம் நல்ல பிள்ளைகள் :-)

எங்கள் மார்டள்ளி கதை இன்னும் வேடிக்கை. எங்கள் பக்கம் முன்பு கொள்ளேகால் தாலுகா. 1956 வரை மதராஸின் கோயம்புத்தூர் மாவட்டம், பிறகு மைசூர். மாநிலம் மாறியது, பேச்சு தமிழாகவே இருக்கிறது. இந்திய நேரத்துக்கான ரேகை 82½ பாகையில், மிர்ஸாபூர் பக்கம் போகிறது. எங்கள் ஊர் அதற்கு ஐந்து பாகை மேற்கே. ஆக, கோயிலில் பன்னிரண்டு மணி மூவேளை செப மணி அடிக்கும்போது சூரியன் உச்சிக்கு வர இன்னும் சுமார் 20 நிமிடம் பாக்கி. நிழல் பார்த்து வேலையை நிறுத்தும் பெரியவர்கள், "மணி அடிச்சுட்டான், பொழுது இன்னும் ஏறலையே" என்பார்கள். தப்பு சொன்னது மணிதான், அவர்களில்லை.

இப்போது இந்திய நேரத்தைக் காப்பது டெல்லியில் உள்ள தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் அணுக் கடிகாரங்கள். அவை அவ்வளவு துல்லியம் என்பதால், தடுமாறுவது பூமிதான் என்று தெரிந்துவிட்டது. அதைச் சரிக்கட்ட 1972 முதல் உலகக் கடிகாரங்களில் 27 தடவை ஒரு விநாடி சேர்த்தார்கள். கடைசியாகச் சேர்த்தது 2017 ஜனவரி 1, நமது நேரம் காலை ஐந்தரைக்கு. கம்ப்யூட்டர்கள் குழம்புகின்றன என்பதால், 2035-க்குள் இந்த வழக்கத்தை விட்டுவிட 2022-ல் முடிவு செய்தார்கள். நுங்கம்பாக்கத்துக் கடிகாரங்களில் ஒன்று, ஷெல்டன் செய்தது, கொடைக்கானல் ஆய்வகத்தில் இருக்கிறது.

நேரத்தை யார் வைத்திருப்பது என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று ஈழத்து நண்பர்களைக் கேட்டால் தெரியும். 1996 மே மாதம் இலங்கை அரசு மின்சாரம் மிச்சம் பிடிக்கக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளியது. அக்டோபரில் அரை மணி குறைத்தது. புலிகளின் பகுதியில் பழைய நேரமே தொடர்ந்தது. 2002-ல் ஏ-9 பாதை திறந்த பிறகு, ஓமந்தையைத் தாண்டினால் கைக்கடிகாரத்தை அரை மணி திருப்ப வேண்டும். ஒரே சாலை, ஒரே சூரியன், சோதனைச் சாவடிக்கு இரு பக்கமும் இரண்டு மணி. வெளிநாட்டிலிருந்து போன் போட்டவர்கள் வவுனியாவுக்கு ஒரு கணக்கு, கிளிநொச்சிக்கு ஒரு கணக்கு வைத்திருந்தார்கள். 2006 ஏப்ரல் நடுவில் கொழும்பு அரை மணி பின்னால் வந்து, வன்னி விடாமல் வைத்திருந்த அதே ஐந்தரைக்குத் திரும்பியது. அடுத்த சில மாதங்களில் ஏ-9 பாதையை மூடிவிட்டார்கள்.